உயிர் காக்கும் பிரேக் டாப் மாடலுக்கு மட்டும்தானா?

‘கட்டுப்பாட்டை இழந்த கார் தாறுமாறாக ஓடி, சாலையோரப் புளியமரத்தில் மோதியது.’ இந்த வரி இல்லாமல் நம் நாளிதழ்களின் மாவட்டப் பக்கங்கள் ஒரு வாரம்கூட வெளிவருவதில்லை. புளியமரத்துக்குப் பதில் சில நாள் சென்டர் மீடியன், சில நாள் பாலத்தின் கைப்பிடிச் சுவர், சில நாள் சாலையோரக் கிணறு. அடுத்த வரியில் இறந்தவர்களின் பெயர், வயது, ஊர். அதற்கும் அடுத்து, போலீஸார் வழக்குப் பதிந்து விசாரிக்கும் தகவல். அந்தக் கார் எப்படிக் கட்டுப்பாட்டை இழந்தது என்று விசாரணையில் தெரியவந்ததா என்பது மட்டும் கடைசிவரை செய்தியாக வருவதில்லை.

அதிவேகம், தூக்கம், குடி, குறுக்கே வந்த மாடு எனக் காரணம் எதுவாகவும் இருக்கலாம். ஆனால், அந்தக் காரணத்துக்கும் புளியமரத்துக்கும் நடுவே ஒன்றரை, இரண்டு விநாடி அவகாசம் இருக்கிறது. ஓட்டுநர் ஒடித்த பக்கம் போகாமல் கார் தன் போக்கில் சுழலத் தொடங்கும் நேரம் அது. அந்த அவகாசத்துக்குள் புகுந்து காரைப் பிடித்து நேராக்கும் ஒரு கருவி 1995 முதல் இருக்கிறது. ‘எலெக்ட்ரானிக் ஸ்டெபிலிட்டி கன்ட்ரோல்’ என்பது அதன் பெயர், சுருக்கமாக இஎஸ்சி. மின்னணு நிலைத்தன்மைக் கட்டுப்பாடு என்று தமிழில் சொல்லலாம். அமெரிக்காவிலும் ஐரோப்பிய ஒன்றியத்திலும் ஆஸ்திரேலியாவிலும் இது இல்லாத புதிய காரை விற்க முடியாது. இங்கே விற்கலாம். இதை மாற்ற வேண்டும் என்பதுதான் என் கோரிக்கை. அதன் நியாயம் புரிய வேண்டுமென்றால், அந்த இரண்டு விநாடியில் நடப்பதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும்.

இரண்டாவது திருப்பம்

ஐப்பசி மழை. நான்குவழிச் சாலை. வேகம் மணிக்கு 80 கி.மீ., அதாவது விநாடிக்கு 22 மீட்டர். இடதுபக்க மண் பாதையிலிருந்து ஒரு பைக் சட்டென்று சாலையில் ஏறுகிறது. ஓட்டுநர் ஸ்டியரிங்கை வலப்பக்கம் ஒடிக்கிறார். பைக்காரர் தப்பிவிட்டார். ஆனால், கார் இப்போது சென்டர் மீடியனை நோக்கிப் போகிறது. பதறிப்போய் ஸ்டியரிங்கை இடப்பக்கம் ஒடிக்கிறார். பெரும்பாலும் வினை இந்த இரண்டாவது திருப்பத்தில்தான் வருகிறது.

வலப்பக்கம் ஒடித்தபோது காரின் எடை இடப்பக்கச் சக்கரங்களின் மேல் சாய்ந்திருந்தது. இப்போது அந்த எடை மறுபக்கம் சாய்கிறது. அதே நேரத்தில் காரின் முன்பகுதி இடப்பக்கம் இழுக்கப்படுகிறது. நனைந்த தாரில் பின் டயர்களின் பிடி விட்டுப்போகிறது. பின்பகுதி வலப்பக்கம் வீசுகிறது. முன்பகுதி, ஓட்டுநர் கேட்டதைவிட அதிகமாக இடப்பக்கம் திரும்புகிறது. கார் ஒரு திசையைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. போவதோ வேறு திசையில்.

பார்க்கும் திசைக்கும் போகும் திசைக்கும் நடுவே உள்ள இந்தக் கோணம்தான் எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது. காய்ந்த தார்ச் சாலையில் இது சுமார் 12 டிகிரி வரை போனால்கூட மீளலாம். வழவழப்பான பனிக்கட்டியில் 2 டிகிரியைத் தாண்டினாலே கதை முடிந்தது. மழைச் சாலையின் எல்லை இவ்விரண்டுக்கும் இடையில் எங்கோ இருக்கிறது. அந்த எல்லையைத் தாண்டிவிட்டால் ஸ்டியரிங்கை எவ்வளவு திருப்பினாலும் காரின் சுழற்சியில் ஏறக்குறைய எந்த மாற்றமும் இருக்காது. டயர் பக்கவாட்டில் வழுக்கிக்கொண்டிருக்கிறது. அதைத் திருப்பி என்ன பயன்? ‘ஸ்டியரிங்கைத் திருப்பினேன், வண்டி கேட்கவில்லை’ என்று விபத்தில் பிழைத்தவர்கள் சொல்வது சாக்கு இல்லை. அது இயற்பியல்.

அன்றாடம் கார் ஓட்டுகிற நம்மில் பெரும்பாலானோர் இந்தக் கோணத்தை ஒருமுறைகூட உணர்ந்திருக்க மாட்டோம். ஓட்டுநர் பயிற்சிப் பள்ளியில் எட்டுப் போட்டுக் காட்டி உரிமம் வாங்கியவருக்கு இதை யாரும் சொல்லித்தருவதுமில்லை. முதன்முறையாக அது நேரும்போது ஒருவர் பிரேக்கை ஓங்கி மிதிப்பார், அல்லது உறைந்துபோவார், அல்லது எதிர்ப்பக்கம் தேவைக்கு மேல் ஒடித்து காரை மறுபக்கம் சுழலவிடுவார். பந்தயக் கார் ஓட்டுகிறவர் சரியான அளவில் எதிர்ப்பக்கம் ஒடித்து ஒருவேளை மீட்டுவிடுவார். ஆனால், அவராலும் முடியாத ஒன்று உண்டு. காரில் பிரேக் மிதி ஒன்றுதான். மிதித்தால் நான்கு சக்கரங்களுக்கும் சேர்த்துத்தான் பிடிக்கும். எந்த மனிதராலும் வலது முன்சக்கரத்துக்கு மட்டும் தனியாக பிரேக் போட முடியாது. இஎஸ்சி செய்வது அதைத்தான்.

ஒரு சக்கரத்துக்கு மட்டும் பிரேக்

துடுப்புப் படகில் போனவர்களுக்கு இது எளிதில் விளங்கும். வலப்பக்கத் துடுப்பை நீருக்குள் ஊன்றிப் பிடித்தால் படகின் முகம் வலப்பக்கம் திரும்பும். மேலே சொன்ன கார் இடப்பக்கமாக அதிகம் சுழல்கிறது. எனவே, வலது முன்சக்கரத்துக்கு மட்டும் பிரேக் கொடுத்தால் அந்தப் பக்கம் ஓர் இழுப்பு உண்டாகிச் சுழற்சி தணியும். பிரேக் பிடிக்கும் சக்கரத்தின் பக்கவாட்டுப் பிடியும் குறையும் என்பதால், முன்பகுதி இடப்பக்கம் பாய்வதும் அடங்கும். இரண்டும் சேர்ந்து பின்பகுதியைத் திரும்ப வரிசைக்குக் கொண்டுவருகின்றன. நேர்மாறான சிக்கலும் உண்டு. இடப்பக்க வளைவில் ஸ்டியரிங்கைத் திருப்பிய பிறகும் கார் திரும்பாமல் நேராகப் போய்ச் சாலையை விட்டு இறங்கப் பார்க்கும். அப்போது இடது பின்சக்கரத்துக்கு பிரேக் விழும்; முன்பகுதி வளைவுக்குள் இழுக்கப்படும். தேவைப்பட்டால் எஞ்சினின் இழுவிசையையும் அதுவே குறைத்துவிடும்; ஓட்டுநரின் கால் ஆக்ஸிலரேட்டரில் இருந்தாலும் சரி.

எந்தச் சக்கரத்துக்கு, எவ்வளவு, எப்போது என்பதை முடிவுசெய்ய அதற்கு இரண்டு விவரங்கள் வேண்டும். ஓட்டுநர் எங்கே போக நினைக்கிறார்? கார் உண்மையில் எங்கே போகிறது? முதல் கேள்விக்கு ஸ்டியரிங் தண்டில் உள்ள சென்சார், திருப்பிய கோணத்தைச் சொல்கிறது. நான்கு சக்கரங்களிலும் உள்ள வேக சென்சார்கள் வேகத்தைச் சொல்கின்றன. இவற்றையும் காரின் முன்பின் சக்கரங்களுக்கு இடையிலான நீளத்தையும் வைத்து, ‘இந்நேரம் இந்தக் கார் விநாடிக்கு இத்தனை டிகிரி திரும்பிக்கொண்டிருக்க வேண்டும்’ என்று கணினி கணக்குப் போடுகிறது. சாலை தரக்கூடிய பிடிக்கு மேல் யாரும் திரும்ப முடியாது என்பதால் அந்தக் கணக்குக்கு ஓர் உச்சவரம்பும் உண்டு. 80 கி.மீ. வேகத்தில் காய்ந்த தாரில் அந்த வரம்பு விநாடிக்குச் சுமார் 20 டிகிரி. நனைந்த தாரில் இன்னும் குறைவு.

இரண்டாவது கேள்விக்கான பதில், காரின் நடுப்பகுதியில் பொருத்தப்பட்ட ஒரு சிறு பெட்டிக்குள் இருக்கிறது. கார் தன் அச்சில் எவ்வளவு வேகமாகச் சுழல்கிறது, பக்கவாட்டில் எவ்வளவு விசையோடு தள்ளப்படுகிறது என்று அது அளக்கிறது. விருப்பத்துக்கும் நடப்புக்கும் உள்ள வேறுபாட்டை விநாடிக்கு 25 முறை ஒப்பிட்டுப் பார்க்கும் இந்த அமைப்பு, வேறுபாடு எல்லை மீறியதும் வேலையைத் தொடங்குகிறது. எஞ்சின் அறையில் உள்ள அலுமினியக் கட்டைக்குள் இருக்கும் வால்வுகள் திறந்து மூட, ஒரு பம்ப் பிரேக் ஆயிலை அழுத்தி உரிய சக்கரத்துக்கு அனுப்புகிறது. பிரேக் போடும்போது சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் காக்கும் ஏபிஎஸ் அமைப்பில் பொதுவாக 8 வால்வுகள், இஎஸ்சியில் 12. ஓட்டுநரின் கால் பிரேக் பக்கமே போகாத நிலையிலும் பிரேக் போடுவதற்காகத்தான் அந்தக் கூடுதல் நான்கு.

ஓட்டுநருக்குத் தெரிவது இவ்வளவுதான்: டேஷ்போர்டில் ஒரு சிறு விளக்கு, வழுக்கும் காரும் அதன் பின்னால் நெளிந்த இரண்டு கோடுகளுமாக, ஓரிரு முறை மஞ்சளாக மின்னும். காலுக்கடியில் ஒரு சின்ன ‘கடகட’ ஓசை. பல சமயம் அவர் அதைக் கவனித்திருக்கவும் மாட்டார். வீட்டுக்குப் போய்ச் சேர்ந்திருப்பார்.

சாய்ந்த ஏ-கிளாஸ்

இதை உருவாக்கியதில் முதன்மையானவர் நெதர்லாந்தைச் சேர்ந்த பொறியாளர் அன்டன் வான் சான்டன். 1977இல் ஜெர்மனியின் பாஷ் நிறுவனத்தில் சேர்ந்தவர். அதற்கு அடுத்த ஆண்டு அந்த நிறுவனத்தின் ஏபிஎஸ் சந்தைக்கு வந்தது. பிரேக் போடும்போது சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் அது காத்தது. பக்கவாட்டில் வழுக்கும் காருக்கு அதனிடம் மருந்து இல்லை. அதற்கான விடையை வான் சான்டன் குழுவினர் பல ஆண்டுகள் தேடினார்கள். டைம்லர் பென்ஸுடன் கைகோத்து 1995இல் மெர்சிடிஸ் எஸ் 600 கூபே காரில் அதைக் கொண்டுவந்தார்கள். அதே ஆண்டில் ஜப்பானின் டொயோட்டாவும் தன் ‘கிரவுன் மெஜஸ்டா’ காரில் இதே போன்ற ஓர் அமைப்பைத் தந்தது. ஐரோப்பியக் காப்புரிமை அலுவலகம் 2016இல் வான் சான்டனுக்கு வாழ்நாள் சாதனையாளர் விருது வழங்கியது.

பிறந்தபோது இது பெரும் பணக்காரர்களின் கார்களில் மட்டுமே இருந்தது. அப்படியே இன்னும் பல ஆண்டுகள் இருந்திருக்கவும் கூடும், 1997 அக்டோபர் 21 அன்று ஸ்வீடனில் நடந்தது நடக்காமல் இருந்திருந்தால்.

மெர்சிடிஸ் அப்போதுதான் ‘ஏ-கிளாஸ்’ என்ற சிறிய, உயரமான குடும்பக் காரை விற்பனைக்குக் கொண்டுவந்திருந்தது. ஸ்வீடனின் ‘டெக்னிகென்ஸ் வேர்ல்டு’ என்ற கார் இதழ் அதைச் சோதித்தது. அந்த நாட்டில் காட்டுச் சாலைகளில் ‘மூஸ்’ என்னும் பெரிய மான் திடீரெனக் குறுக்கே வரும். அதைத் தவிர்க்க ஒரு பக்கம் ஒடித்து, எதிரே வரும் வண்டியைத் தவிர்க்க உடனே மறுபக்கம் ஒடிக்க வேண்டும். கூம்புகளை நட்டு, ஆட்களை ஏற்றிக்கொண்டு இதைச் செய்துபார்ப்பது அந்த இதழின் வழக்கம். செய்தியாளர் ராபர்ட் காலின் ஓட்டிய ஏ-கிளாஸ், மணிக்குச் சுமார் 60 கி.மீ. வேகத்தில் இரண்டாவது திருப்பத்தில் கவிழ்ந்தது.

நிறுவனம் முதலில் அந்தச் சோதனையையே குறைசொன்னது. பிறகு வழிக்கு வந்தது. ஏறக்குறைய மூன்று மாதம் விநியோகத்தை நிறுத்தி, சஸ்பென்ஷனைத் திருத்தி, விற்ற கார்களுக்கும் விற்கப்போகும் கார்களுக்கும் இஎஸ்சியைப் பொருத்தியது. எல்லா ஏ-கிளாஸ் காருக்கும், கூடுதல் விலை இல்லாமல். மிக விலையுயர்ந்த மாடலில் அறிமுகமான கருவி மூன்று ஆண்டுகளுக்குள் அதே நிறுவனத்தின் மிக மலிவான காருக்கு வந்து சேர்ந்தது. முடியும் என்பதற்கு இதைவிடச் சான்று தேவையில்லை. மெர்சிடிஸின் நற்பெயருக்கு நேர்ந்த அடி, கார் பாதுகாப்பு வரலாற்றில் சாதாரண மக்களுக்குக் கிடைத்த பெரிய நன்மைகளில் ஒன்றானது.

அதன் பிறகு ஸ்வீடனில் நடந்ததை நம் ஊர் வாசகர்கள் குறிப்பாக அறிய வேண்டும். அங்கே சட்டம் வரும்வரை காத்திருக்கவில்லை. 2003இல் அந்நாட்டுச் சாலை நிர்வாகம், ‘புதிய கார் வாங்குவோர் இஎஸ்சி உள்ள காரையே வாங்குங்கள்’ என்று வெளிப்படையாகப் பரிந்துரைத்தது. மக்கள் கேட்கத் தொடங்கினார்கள். விற்பனையான புதிய கார்களில் 15 சதவீதமாக இருந்த இஎஸ்சியின் பங்கு 48 மாதங்களில் 90 சதவீதம் ஆனது.

எண்கள் சொல்வது

அமெரிக்காவின் தேசிய நெடுஞ்சாலைப் போக்குவரத்துப் பாதுகாப்பு நிர்வாகம், இஎஸ்சி உள்ள கார்களையும் இல்லாத கார்களையும் ஒப்பிட்டு 2007இல் தந்த மதிப்பீடு இது: வேறு வாகனம் எதிலும் மோதாமல், தனியாகக் கட்டுப்பாட்டை இழந்து நேரும் விபத்துகள் சாதாரணக் கார்களில் 34 சதவீதமும், எஸ்யூவி வகை வாகனங்களில் 59 சதவீதமும் குறையும். இத்தகைய விபத்துகளில் வண்டி உருண்டு கவிழ்வது கார்களில் 71 சதவீதமும் எஸ்யூவிகளில் 84 சதவீதமும் குறையும். எல்லா இலகு வாகனங்களுக்கும் இது வந்துவிட்டால் ஆண்டுக்கு 5,300 முதல் 9,600 உயிர்கள் காப்பாற்றப்படும் என்று கணக்கிட்டார்கள். சீட் பெல்ட்டுக்குப் பிறகு இந்த அளவுக்குப் பலன் தரும் ஒரு கருவி காருக்குள் வந்ததில்லை என்றே நான் கருதுகிறேன்.

அந்த மதிப்பீட்டோடு நிற்காமல் சட்டமும் போட்டார்கள். 2011 செப்டம்பர் முதல் அங்கே எல்லாப் புதிய இலகு வாகனங்களுக்கும் இஎஸ்சி கட்டாயம். அதற்கான சோதனை, நாம் மேலே பார்த்த மழைக்காலக் காட்சியின் அச்சு அசல். மனிதக் கை ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரி திருப்பாது என்பதால் ஓர் இயந்திரம் ஸ்டியரிங்கைப் பிடிக்கும். 80 கி.மீ. வேகத்தில் ஒரு பக்கம் திருப்பி, உடனே மறுபக்கம் திருப்பி, அரை விநாடி அப்படியே பிடித்திருந்து நேராக்கும். நேராக்கிய ஒரு விநாடியில் காரின் சுழல்வேகம் அதன் உச்சத்தில் 35 சதவீதத்துக்குள்ளும், ஒன்றே முக்கால் விநாடியில் 20 சதவீதத்துக்குள்ளும் அடங்கியிருக்க வேண்டும். சுழன்றுகொண்டே இருந்தால் அந்தக் காரை விற்க அனுமதி கிடையாது. ஐரோப்பிய ஒன்றியத்தில் 2011 நவம்பர் முதல் புதிதாக அறிமுகமாகும் மாடல்களுக்கும், 2014 நவம்பர் முதல் எல்லாப் புதிய கார்களுக்கும் இது கட்டாயமானது.

‘அதெல்லாம் பனி பெய்யும் நாடு, நமக்கெதற்கு?’ என்று கேட்பவர்கள் உண்டு. கார் விற்பவர்களே சிலர் இதைச் சொல்கிறார்கள். பனி ஒரு காரணம்தான். மழையின் முதல் அரை மணி நேரத்தில் தூசியும் எண்ணெய்ப் பிசுக்கும் கலந்து வழுக்கும் தார், கிழக்குக் கடற்கரைச் சாலையின் வளைவில் காற்று கொண்டுவந்து கொட்டிய மணல், ஏற்காடு மலைப்பாதையில் ஈர இலைகள், லாரியிலிருந்து சிந்திய ஜல்லி, குறுக்கே ஓடும் நாய் என்று நம் சாலைகளில் அந்த இரண்டாவது திருப்பத்துக்குப் பஞ்சமே இல்லை. அதற்கு மேல், இன்று நம் குடும்பங்கள் விரும்பி வாங்குவது உயரமான எஸ்யூவிகளையும் ஏழு பேர் அமரும் வண்டிகளையும். உயரம் கூடினால் கவிழும் ஆபத்தும் கூடும். இஎஸ்சியால் அதிகப் பலன் அத்தகைய வண்டிகளுக்குத்தான் என்பது மேலே உள்ள எண்களிலேயே இருக்கிறது.

மறைமலை நகரிலிருந்து போன கார்

விலை கூடிவிடும் என்பது அடுத்த வாதம். 2019 ஏப்ரலிலிருந்து நம் நாட்டில் எல்லாப் புதிய கார்களுக்கும் ஏபிஎஸ் கட்டாயம். சக்கர வேக சென்சார்கள், வால்வுக் கட்டை, பம்ப், கணினி எல்லாமே அதோடு வந்துவிட்டன. இஎஸ்சிக்குக் கூடுதலாகத் தேவை, சுழற்சி சென்சார், ஸ்டியரிங் கோண சென்சார், சில வால்வுகள், மென்பொருள். ஏபிஎஸ் உள்ள காரில் இஎஸ்சியைச் சேர்க்க ஆகும் செலவை அமெரிக்க நிர்வாகம் 2005ஆம் ஆண்டு விலைவாசியில் 111 டாலர் என்று கணக்கிட்டது. சன்ரூஃப்புக்கும் பெரிய தொடுதிரைக்கும் வாடிக்கையாளரிடம் தாராளமாக வாங்கும் தொகையோடு ஒப்பிட்டால் இது ஒரு பொருட்டே இல்லை.

இந்த வாதத்தை உடைக்க அமெரிக்காவுக்குப் போக வேண்டியதுமில்லை. சென்னைக்குப் பக்கத்தில் உள்ள மறைமலை நகருக்குப் போனால் போதும். அங்கிருந்த ஃபோர்டு ஆலையில் ‘எக்கோஸ்போர்ட்’ என்ற சிறிய எஸ்யூவி தயாரானது. 2018இல் அது அமெரிக்கச் சந்தைக்கும் போனது. அங்கே போன ஒவ்வொரு வண்டியிலும் இஎஸ்சி இருந்தது. இல்லாமல் கப்பலிலிருந்து இறக்கியிருந்தால் விற்றிருக்க முடியாது. அதே ஆலையில், அதே பெயரில் தயாராகி, நம் ஊர் ஷோரூமுக்கு வந்த வண்டியில் உயர்ந்த விலை மாடல்களுக்கு மட்டுமே அது கிடைத்தது. நிறுவனம் எந்த விதியையும் மீறவில்லை. விதி எங்கே இருந்ததோ அங்கே கொடுத்தது. இல்லாத இடத்தில் விலைப் பட்டியலின் மேல்வரிசைக்கு ஏற்றிவைத்தது. அந்த ஆலையின் உற்பத்தி 2022இல் நின்றுவிட்டது. ஆனால் கேள்வி அப்படியே நிற்கிறது. தமிழ்நாட்டுத் தொழிலாளியின் கையால் உருவாகும் கார், வெளிநாட்டுக் குடும்பத்துக்குத் தரும் பாதுகாப்பைத் தமிழ்நாட்டுக் குடும்பத்துக்கு ஏன் தரக் கூடாது?

இஎஸ்சிக்கான உலகப் பொது விதி ஐ.நா. அமைப்பின் கீழ் 2008லேயே உருவாகிவிட்டது. அந்த விதிகளுக்கு அடிப்படையான 1998 ஒப்பந்தத்தில் இந்தியா 2006 முதல் உறுப்பு நாடு. நம் நாட்டுக்கென ஏஐஎஸ்-133 என்ற தரநிலையும் இருக்கிறது. கார்களின் பாதுகாப்பைச் சோதித்து நட்சத்திரம் தரும் ‘பாரத் என்கேப்’ திட்டம் 2023 அக்டோபர் 1 அன்று நடைமுறைக்கு வந்தது. அதில், ஒரு கார் மூன்று நட்சத்திரமோ அதற்கு மேலோ பெற வேண்டுமென்றால் இஎஸ்சி இருந்தாக வேண்டும். நல்ல ஏற்பாடு, இதன் பயனாகவும் போட்டியின் காரணமாகவும் இப்போது பல நிறுவனங்கள் சிறிய கார்களிலும் இதை எல்லா மாடல்களுக்கும் கொடுக்கத் தொடங்கியிருக்கின்றன. ஆனால், அந்தச் சோதனைக்கு வண்டியை அனுப்புவதும் அனுப்பாததும் நிறுவனத்தின் விருப்பம். அனுப்பாத காருக்கு நட்சத்திரமும் இல்லை, நிர்ப்பந்தமும் இல்லை. நம் பொது விவாதமோ பெரும்பாலும் ஏர்பேக் எண்ணிக்கையைச் சுற்றியே நடந்தது. ஆறு ஏர்பேக்குகளைக் கட்டாயமாக்கும் யோசனை 2022இல் எழுந்து, ஓராண்டு தள்ளிப்போய், 2023இல் கைவிடப்பட்டது. ஏர்பேக் அவசியம்தான். ஆனால் அது மோதிய பிறகு காப்பது. மோதலே நேராமல் தடுக்கும் கருவிக்கு அந்த விவாதத்தில் கால்வாசி இடம்கூடக் கிடைக்கவில்லை.

2022இல் மட்டும் நம் நாட்டில் 4,61,312 சாலை விபத்துகளில் 1,68,491 பேர் இறந்தார்கள். விபத்துகளின் எண்ணிக்கையில் முதலிடம் தமிழ்நாட்டுக்கு: 64,105 விபத்துகள், 17,884 உயிரிழப்புகள். நாடு முழுவதும் இறந்தவர்களில் ஏறக்குறைய 45 சதவீதத்தினர் இருசக்கர வாகனங்களில் போனவர்கள். காரில் இஎஸ்சி வந்துவிட்டால் இவ்வளவும் தீர்ந்துவிடும் என்று சொல்வது பொய்யாகும். தலைக்கவசமும் நடைபாதையும் வேகக் கட்டுப்பாடும் அவற்றுக்குரிய இடத்தில் இருக்கவே வேண்டும். அதே நேரத்தில், சுழன்று எதிர்ச்சாலையில் போய் விழும் கார், தனக்குள் இருப்பவர்களை மட்டும் கொல்வதில்லை. எதிரே வரும் பைக்காரரையும், பேருந்துக்குக் காத்திருப்பவரையும் சேர்த்தே கொல்கிறது.

கருவியின் எல்லையையும் சொல்லியாக வேண்டும். அது புதிதாகப் பிடியை உண்டாக்காது. டயருக்கும் சாலைக்கும் நடுவே உள்ள பிடியைப் பங்கிட்டுக் கொடுக்கும், அவ்வளவுதான். வேகம் 40இலிருந்து 60 ஆனால் அதே வளைவில் திரும்பத் தேவையான பிடி இரண்டேகால் மடங்கு ஆகிறது. கொல்லிமலையின் 70 கொண்டை ஊசி வளைவுகளில் ஒன்றில் கண்மூடித்தனமான வேகத்தில் நுழைபவரை எந்தக் கணினியாலும் காப்பாற்ற முடியாது. பட்டன் தேய்ந்து மொட்டையான டயரில் இஎஸ்சி பாதி ஊனமாகிவிடும், 1.6 மி.மீ. என்பது சட்டம் சொல்லும் குறைந்தபட்ச ஆழம், மழைக்காலத்துக்கு அதுவே குறைவு. நான்கு சக்கரங்களிலும் வெவ்வேறு அளவு டயர் போட்டால் வேக சென்சார்கள் தவறான கணக்கைக் கொடுக்கும். வீல் அலைன்மென்ட் செய்யும்போது ஸ்டியரிங்கின் நேர்நிலை மாறினால் கோண சென்சாரையும் அதற்கேற்பச் சரிசெய்ய வேண்டும். மெக்கானிக்கிடம் இதைக் கேட்டுச் செய்துகொள்ள வேண்டும்.

மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகம் செய்ய வேண்டியது சிக்கலான வேலை எதுவுமில்லை. தரநிலை தயாராக இருக்கிறது, தொழில்நுட்பம் நம் ஆலைகளிலேயே இருக்கிறது. ஏபிஎஸ்ஸுக்குச் செய்ததுபோலப் புதிய மாடல்களுக்கு ஒரு தேதி, ஏற்கெனவே விற்பனையில் உள்ள மாடல்களுக்கு ஓராண்டு கழித்து ஒரு தேதி என அறிவித்தால் போதும். நம் நாடாளுமன்ற உறுப்பினர்கள் இதை அவையில் கேட்க வேண்டும். கார் உற்பத்தியைத் தன் பெருமையாகச் சொல்லும் தமிழ்நாடு அரசும் மத்திய அரசை வலியுறுத்த வேண்டும்.

அதுவரை, ஸ்வீடன் மக்கள் செய்ததை நாமும் செய்யலாம். ஷோரூமில் உட்கார்ந்து ஆன்ரோடு விலை, இஎம்ஐ, மைலேஜ் எல்லாம் பேசி முடித்த பிறகு ஒரு கேள்வி கேளுங்கள்: ‘நான் வாங்கும் இந்த மாடலில் இஎஸ்சி உண்டா?’ நிறுவனத்துக்கு நிறுவனம் பெயர் மாறும். இஎஸ்பி, விஎஸ்சி, விஎஸ்ஏ, டிஎஸ்சி எல்லாம் ஒன்றுதான். ‘டாப் மாடலில் இருக்கிறது சார்’ என்று விற்பனையாளர் சொன்னால், உங்கள் பட்ஜெட்டுக்குள் அதைத் தரும் வேறொரு காரைத் தேடுங்கள். இஎஸ்சி இல்லாத புதிய காரை வாங்காதீர்கள்.